வன்னியும் மடைப்பள்ளியும்

மூர்த்தி, தலம், தீர்த்தம் என்னும் மூன்றனோடு சேர்த்துப் போற்றப்பெறும் சிறப்புடையது தலமரம். கோயில் எழுவதற்கு முன்னரே மரம் இருந்தது. அம்மரத்தின் நிழலிலேயே இறைவன் முதற்கண் எழுந்தருளினான் என்பது தமிழகத்துத் தலவரலாறுகள் பலவற்றிற்கும் பொதுவான செய்தி. தில்லை, திருவாலங்காடு முதலிய தலங்கள் மரத்தாலேயே பெயர் பெற்றன. மதுரையும் முன்னாளில் கடம்பவனமாகவே இருந்தது. இவ்வாறு போற்றப்பெறும் மரங்களுள் வன்னி பாண்டி நாட்டு வரலாற்றொடு தனித்ததொரு தொடர்புடையது.

அவ்வன்னிக்கு உறவாகிய பிறிதொரு மரம் இன்று மதுரையைச் சூழ்ந்த வெளிகளையெல்லாம் மூடி நிற்கின்றது. அதனைச் சீமைக்கருவேல் என்பர். ஒன்று கோயிலுள் நின்று அறத்துக்குச் சான்று பகர்ந்த மரம். மற்றொன்று கண்மாயுள் நின்று நீர்வழியை அடைக்கும் மரம். எனினும் எளியோர் வீட்டு அடுப்பில் எரிவதும் அதுவே. குளமும் அடுப்பும் செம்மையுறாத ஊரில் கோயிலின் பூசையும் படையலும் செம்மையுறுதல் அரிது. ஆகவே இவ்விரு மரங்களின் வரலாற்றையும் ஒருங்கு வைத்து நோக்குதல் திருக்குடமுழுக்குக் காலத்திற்கு ஏற்புடையதேயாம்.

சான்று பகர்ந்த மரம்

பரஞ்சோதி முனிவர் அருளிய திருவிளையாடற் புராணத்தின் அறுபத்து நான்காவது திருவிளையாடல், வன்னியும் கிணறும் இலிங்கமும் அழைத்த படலம் ஆகும். சோமசுந்தரக் கடவுளின் ஆடல்கள் அறுபத்து நான்கும் இம்மரத்தின் வரலாற்றோடு நிறைவெய்துகின்றன என்பது கருதத்தக்கது.

காவிரிப்பூம்பட்டினத்து வணிகன் ஒருவனுக்கு ஒரே மகள் இருந்தாள். மதுரையில் வாழ்ந்த தன் மருகனுக்கே அவளைக் கொடுத்தல் வேண்டும் என்பது அவன் விருப்பம். அம்மருகனோ முன்னரே மணம் புரிந்தவன். மகளை மணஞ்செய்து கொடுக்கும் முன்னரே வணிகனும் அவன் மனைவியும் இறந்தனர். சுற்றத்தார் மதுரைக்குச் செய்தி விடுத்தனர். மருகன் வந்து, மதுரையில் உறவினர் சூழ மணம் புரிவதாகக் கூறி, அப்பெண்ணை அழைத்துக்கொண்டு புறப்பட்டான். வழியில் திருப்புறம்பயத்தில் இரவு தங்கினர். இத்தலம் இக்காலத்தில் திருப்புறம்பியம் என வழங்குகின்றது, கும்பகோணத்தை அடுத்துள்ளது. அங்கு ஒரு வன்னிமரமும், கிணறும், சிவலிங்கமும் இருந்தன. அன்றிரவு துயின்றுகொண்டிருந்த வணிகனைப் பாம்பு தீண்டியது. அவன் உயிர் நீங்கினான்.

தாயும் தந்தையும் இன்றி, கணவனாகவேண்டியவனையும் இழந்து, அறியாத ஊரில் நள்ளிரவில் அப்பெண் அழுத குரல் அங்கு எழுந்தருளியிருந்த திருஞானசம்பந்தப் பெருமானின் திருச்செவியிற் பட்டது. பெருமான் இறைவனை வேண்டி வணிகனை உயிர்ப்பித்தருளினார். அவ்விடத்திலேயே அவளை மணந்துகொள்க என்றும் பணித்தார். உறவினரும் சான்றினரும் இல்லாத இடத்தில் வன்னியும் கிணறும் இலிங்கமுமே சான்றாக அம்மணம் நிகழ்ந்தது.

மதுரைக்கு வந்தபின் சில ஆண்டுகள் கழிந்தன. மூத்தாளின் மக்களுக்கும் இளையாளின் மகனுக்கும் விளையாட்டிற் பூசல் விளைந்தது. அதுவே தாயர் பூசலாக முதிர்ந்தது. மூத்தாள் இளையாளின் மணத்தையே ஐயுற்றுப் பழித்தாள். மணத்துக்குச் சான்று யாது என வினவினாள். இளையாள் உண்மையைக் கூற, அம்மூன்றும் இங்கு வந்து சொல்லுமோ என்று எள்ளினாள். இளையாள் பொற்றாமரையில் நீராடிச் சொக்கநாதர் திருமுன் நின்று முறையிட்டாள். மறுநாள் திருக்கோயிலின் வடகீழ்த் திசையில் வன்னியும் கிணறும் இலிங்கமும் தோன்றி நின்றன. கண்டார் அனைவரும் அவள் கற்பைப் போற்றினர். கணவன் மூத்தாளை மனையினின்று நீக்க முற்பட்டபோது, தடுத்து நிறுத்தி, அவளோடு கூடியே வாழ்வோம் என்று வேண்டியவளும் அவ்விளையாளே. புராணத்தின் சிறப்பெல்லாம் இவ்விறுதிச் செயலில் அடங்கியுள்ளது. சான்று வந்தது வெற்றிக்காக அன்று; ஒரு குடும்பம் பிளவுபடாது நிலைபெறுதற்காகவே வந்தது.

அம்மூன்றும் மீனாட்சி சுந்தரேசுவரர் திருக்கோயிலில் இன்றும் வழிபடப்பெறுகின்றன. சான்று கூறிய காரணத்தால் திருப்புறம்பயத்து இறைவனும் சாட்சிநாதர் எனப் பெயர் பெற்றார்.

மடைப்பள்ளியும் உடன் வந்தது

இவ்வரலாற்றின் பழைய வடிவம் ஒன்று சிலப்பதிகாரத்திற் காணப்படுகின்றது. வஞ்சினமாலையில், பாண்டிமாதேவியின் முன் நின்ற கண்ணகி, தான் பிறந்த புகார் நகரத்துக் கற்புடை மகளிர் எழுவரை எடுத்துரைக்கின்றாள். அவருள் முதலாவதாகக் கூறப்பெறுபவள் வன்னிமரத்தையும் மடைப்பள்ளியையும் சான்றாக முன்னிறுத்திக் காட்டியவள். பிற்காலப் புராணத்தில் கிணறும் இலிங்கமும் வன்னியோடு வந்தன. பழைய காப்பியத்தில் மடைப்பள்ளி வந்தது.

மடை என்பது சோறு. தெய்வத்துக்கு இடும் படையலும் ஆம். பள்ளி என்பது இடம். இன்று மடைப்பள்ளி என்றால் கோயிலின் சமையலறையையே குறிக்கின்றோம். ஒரு பெண்ணின் வாழ்வுக்குச் சான்றாக அரண்மனையோ அம்பலமோ வாராது, மரமும் அடுப்படியுமே வந்தன என்று நம் முன்னோர் கருதியது ஆழ்ந்த பொருளுடையது. மரத்தின் கீழ் மணம், மணத்தின்பின் உலை, உலையின் கீழ் மீண்டும் மரம். மரத்துக்கும் மடைக்கும் உள்ள இவ்வுறவு வெறும் கற்பனையன்று, நாட்டு வாழ்வின் அடிப்படையே ஆகும்.

வேள்வியிலும் விழாவிலும் வன்னி

வன்னி என்னும் சொல்லுக்கு நெருப்பு என்றும் பொருளுண்டு. வடமொழியில் இம்மரத்தைச் சமீ என்பர். தீக்கடையும் அரணிக்கு, வன்னியின்மேல் பற்றி வளர்ந்த அரசின் கட்டையே சிறந்ததென்று வேள்வி நூலார் விதித்தனர். நெருப்பு வன்னியின் உள்ளே உறங்குகின்றது என்பது பண்டையோர் கொள்கை. ஒன்பது கோள்களுக்கு உரிய சமித்துக்களுள் ஞாயிற்றுக்கு எருக்கும், வியாழனுக்கு அரசும், வெள்ளிக்கு அத்தியும் உரியவாதல் போலச் சனிக்கு உரியது வன்னி. குடமுழுக்கின் முன் நிகழும் நவக்கிரக வேள்வியில் இச்சமித்து இடம்பெறுதலை அன்பர்கள் கண்டிருப்பர்.

தேவாரத் திருப்பதிகங்கள் பலவற்றில், கொன்றை, கூவிளம், மத்தம் முதலியவற்றோடு வன்னியும் சிவபெருமான் திருச்சடையில் விளங்குவதாகப் போற்றப்பெறுகின்றது. திருமுதுகுன்றமாகிய விருத்தாசலத்தில் தலமரம் வன்னியே. அங்குத் திருப்பணி செய்வித்த விபச்சித்து முனிவர், வேலையாட்களுக்கு நாள்தோறும் வன்னியிலைகளைக் கூலியாக அளித்தார் என்றும், அவ்விலைகள் அவரவர் உழைப்புக்கு ஏற்பப் பொன்னாயின என்றும் தலவரலாறு கூறும். திருவான்மியூரிலும் வன்னியே தலமரம்.

சங்க காலத்தில் இம்மரம் இடுகாட்டிலும் நின்றது. பரணர் பாடிய பதிற்றுப்பத்தின் ஐந்தாம் பத்தில், மன்னரைப் புதைத்த தாழிகள் கிடக்கும் காடு வன்னி நின்ற மன்றமாகக் குறிக்கப்பெறுகின்றது. மணத்துக்கும் மரணத்துக்கும் வேள்விக்கும் பொதுவாக ஒரு மரம் நின்றதெனின், அது மக்களின் அன்றாட வாழ்வில் வேரூன்றியிருந்தது என்பதில் ஐயமில்லை.

பாண்டவர் மறைந்து வாழ்ந்த காலத்துத் தம் படைக்கலங்களை வன்னிமரத்தில் ஒளித்து வைத்தனர் என்பது பாரதம். அந்நினைவோடு கூடிய விசயதசமி விழாவை மதுரை, சிவகங்கை, இராமநாதபுரம் பகுதிகளில் மகர்நோன்பு என்பர். சுவாமி குதிரை வாகனத்தில் எழுந்தருளி, வன்னிமரத்திலோ வன்னிக்கிளை நட்ட இடத்திலோ அம்பெய்யும் விழா அது. இவ்விழாவுக்கென்றே மகர்நோன்புத் திடல்கள் சில ஊர்களில் உள்ளன. திடலும் விழாவும் நிற்க, நாட்டிய கிளைக்கு உரிய மரம் ஊரில் இல்லாமற் போன இடங்கள் பல.

வடபுலத்தில் உணவாகும் வன்னி

தமிழகத்தில் வன்னியின் இலை பூசைக்கும், பட்டையும் காயும் மருந்துக்கும் பயன்பட்டன. இராசத்தானத்திலோ அது உணவாகவே விளங்குகின்றது. அங்கு இதனைக் கேசரி மரம் என்பர். இளங்காய்களைப் பறித்து வேகவைத்து உலர்த்திச் சேமித்துக்கொள்வர். சாங்க்ரி என்னும் அவ்வற்றலைக் கேர் என்னும் பாலைநிலக் காயோடு சேர்த்து, எண்ணெயும் காரமும் புளிப்பும் கூட்டிச் சமைப்பர். மழை பொய்த்த ஆண்டிலும் அழியாத கறி அது. 1868, 1869ஆம் ஆண்டுகளில் நேர்ந்த பெரும் பஞ்சத்தில் இம்மரத்தின் பட்டையையே இடித்து மாவாக்கி உண்டு உயிர் காத்தவர் பலர்.

இம்மரத்தின் மற்றொரு சிறப்பு, தன் கீழ் வளரும் பயிரைக் கெடுக்காமை. வேர் ஆழச் செல்லும். நிழல் மென்மையாக இருக்கும். உதிரும் இலை எருவாகும். ஆதலின் இராசத்தானத்து உழவர் கம்பங்கொல்லையின் நடுவிலேயே இதனை வளர விடுவர்.

1730ஆம் ஆண்டில் சோதப்பூர் அரண்மனைக் கட்டடத்துக்கு வேண்டிய சுண்ணாம்புச் சூளைக்கு விறகாகக் கேசரி மரங்களை வெட்டிவர அரசாள் கேசர்லி என்னும் ஊருக்கு வந்தனர். பிசுனோய் வகுப்பைச் சேர்ந்த அமிர்தாதேவி என்னும் பெருமாட்டி மரத்தைத் தழுவி நின்று உயிர் நீத்தாள். அவளைத் தொடர்ந்து உயிர் ஈந்தோர் முதலாக மொத்தம் 363 பேர் மாண்டனர் என்பது வரலாறு. கேசரி இன்று இராசத்தானத்தின் மாநில மரம். தெலுங்கானத்துக்கும் அதுவே மாநில மரம்.

இதே சோதப்பூரில்தான் 1940ஆம் ஆண்டில், அயல்நாட்டிலிருந்து வந்த சீமைக்கருவேலுக்கும் அரச மதிப்பு அளிக்கப்பெற்றது. அதனைக் காத்து வளர்க்க வேண்டும் என்று அரசர் அறிவித்தார். மணல் பரவுதலைத் தடுக்கவும் விறகுக்கு உதவவும் அது வேண்டப்பட்டது. அம்மரம் தமிழகத்துக்கு வந்த வரலாறு அதனினும் பழையது.

சீமையினின்று வந்த மரம்

மேனாட்டினின்று வந்த பொருளுக்கெல்லாம் சீமை என்னும் அடைகொடுத்து வழங்குதல் தமிழர் வழக்கம். சீமைத்துணி, சீமையகத்தி என்பன போன்றதே சீமைக்கருவேலும். வேலிக்கு நட்டதால் வேலிக்காத்தான், வேலிக்கருவை என்றும் கூறுவர். நாட்டுக்கருவேல் வேறு, அது கலப்பைக்கும் வண்டிக்கும் உதவுவது, பட்டை தோல் பதனிட உதவுவது, பண்டுதொட்டு இந்நாட்டில் உள்ளது. குடைபோல் விரியும் உடைமரமும் வேறு. கருவேல் என்னும் பெயர் தோற்றத்தால் வந்ததேயன்றி உறவால் வந்ததன்று. சீமைக்கருவேலுக்கு உறவு வன்னியே.

அதன் தாயகம் மெக்சிகோ, நடு அமெரிக்கா, தென் அமெரிக்காவின் வடபகுதி, கரிபியன் தீவுகள் ஆகியவற்றின் வறண்ட நிலங்கள். 1877ஆம் ஆண்டளவில் சமைக்காத் தீவிலிருந்து அதன் விதைகள் சென்னை மாகாணத்துக்கு வருவிக்கப்பெற்றுக் கடப்பைப் பகுதியில் விதைக்கப்பட்டன. அக்காலத்து வனக்காவல் அதிகாரியாகிய பெடோம் என்பவர் இதற்கு முயன்றார். வறண்ட நிலத்தில் விறகு விளைத்தலே அவர்தம் நோக்கம். அவ்விதைகள் வந்த காலம் தாது வருடப் பஞ்சம் மாகாணமெங்கும் உயிர்களைக் கொள்ளை கொண்ட காலம் என்பதும் நினைக்கத்தக்கது. பின்னர் வந்த அரசுகளும் வனத்துறையினரும் பல ஆண்டுகள் இதனை நட்டுப் பரப்பினர். நாடு விடுதலை பெற்ற பின்னரே இம்மரம் வந்ததென்று பலர் கருதுகின்றனர். வந்தது அதற்கு எழுபது ஆண்டுகள் முன்னர், எங்கும் பரவியதே பின்னர்.

நெடுங்காலம் தாவர நூலார் வன்னியையும் சீமைக்கருவேலையும் புரோசோபிசு என்னும் ஒரே பேரினத்துள் அடக்கினர். 2022ஆம் ஆண்டில் அப்பேரினம் ஆராய்ந்து பிரிக்கப்பட்டது. சீமைக்கருவேல் முதலிய அமெரிக்க மரங்கள் நெல்துமா என்னும் வேறு பேரினமாயின; பழைய பெயர் வன்னிக்கே உரியதாய் நின்றது.

தாயகத்தில் இம்மரமும் உணவு தந்தது. அரிசோனா, சொனோரா பாலைநிலங்களில் வாழும் ஓதம் முதலிய பழங்குடியினர், இதற்கு நெருங்கிய இனமரங்களின் காய்களை உரலில் இடித்து மாவாக்கி அடையாக உண்டனர். பெரு நாட்டில் காய்களைக் காய்ச்சிப் பாகு எடுத்து வைத்துக்கொள்வர். நம் நாட்டுக்கு மரம் வந்ததேயன்றி அதனைச் சமைக்கும் அறிவு உடன்வரவில்லை. இங்கு அதன் காயை ஆடுமாடுகள் தின்னும். சிறுவர் இனிப்புக்காகச் சுவைத்து உமிழ்வர். உலையில் இடுவார் இலர். நம் சமையலில் அது பானையினுள் இடம்பெறவில்லை. பானையின் கீழே இடம்பெற்றது.

அடுப்பும் கரிமூட்டமும்

அவ்விடம் சிறிதன்று. கம்பும் சோளமும் குதிரைவாலியும் உண்ட கரிசல் வெளியில் விறகு எக்காலத்தும் அரிதாகவே இருந்தது. பருத்திமாரையும் பனைமட்டையையும் வறட்டியையும் எரித்தே உலை வைத்தனர். சாணத்தையும் அடுப்பிலிட்டால் நிலத்துக்கு எரு ஏது? இந்நிலையில், நீர் ஊற்றாமலும் வேலி கட்டாமலும் தானே முளைத்து, வெட்ட வெட்டத் தழைத்து, பச்சையாக இருந்தாலும் எரியக்கூடிய ஒரு மரம் கிடைத்தபோது மக்கள் அதனைப் பற்றிக்கொண்டது வியப்பன்று. காடுவெட்டித் தலைச்சுமையாக விறகு கொண்டுவந்து விற்றுக் குடும்பம் காத்த மகளிர் எண்ணற்றோர். பொங்கல் நாளில் கிராமத்துக் கோயில் வாயிலில் வரிசையாக வைத்த பானைகளின் கீழ் எரிவதும் பெரும்பாலும் இவ்விறகே. தேநீர்க் கடைக்கும், உணவுக்கடைக் கல்லடுப்புக்கும், செங்கற்சூளைக்கும் இதுவே சென்றது. சூளையைக் காளவாசல் என்பது மதுரை வழக்கு. அப்பெயருடைய பகுதி நகருள்ளேயே உண்டு.

திருச்சுழி, நரிக்குடி, கமுதி, முதுகுளத்தூர் பகுதிகளில் மழை பொய்த்த நிலம் தரிசாகியபோது கரிமூட்டமே தொழிலாயிற்று. மரத்தை மூன்று நான்கு ஆண்டுக்கொரு முறை வெட்டித் துண்டாக்கிக் குவியலாக அடுக்குவர். அதன்மேல் வைக்கோலும் தழையும் பரப்பி ஈரமண்ணால் மூடுவர். ஒரு வாயில் நெருப்பிட்டு, காற்றுப் புகும் துளைகளை அளவறிந்து திறந்தும் அடைத்தும் பல நாட்கள் காவல் இருப்பர். மூட்டம் வாய் பிளந்தால் கரி சாம்பலாகிவிடும். ஆதலின் இரவிலும் உறக்கமில்லை. புகையின் நிறம் கண்டே உள்ளே கரி விளைந்தமையை அறிவர். நான்கைந்து பங்கு விறகுக்கு ஒரு பங்கு கரியே கிடைக்கும். அக்கரியே கொல்லன் உலைக்கும் துணி தேய்ப்பவரின் பெட்டிக்கும் செல்கின்றது. புகையினிடையே கண்ணெரிய நிற்கும் அம்மக்களுக்குச் சொந்த நிலம் இல்லை. வேறு தொழிலும் அருகில் இல்லை.

இவர்களை இழிவாகக் கருதுதல் மதுரைப் பெருமானின் அடியார்க்குத் தகாது. பாணபத்திரருக்காக விறகுச்சுமையைத் திருமுடிமேல் தாங்கி மதுரை வீதியில் வந்தவன் சொக்கநாதனே அல்லவா! வந்தியின் பிட்டுக்காக வையைக்கரையில் மண் சுமந்தவனும் அவனே. ஆவணி மூலத் திருவிழாவில் இவ்விரு திருவிளையாடல்களும் ஆண்டுதோறும் மதுரையில் நிகழ்கின்றன. விறகு சுமப்போரும் கரை அடைப்போரும் இறைவன் ஏற்ற கோலத்தைத் தம் வாழ்வாகவே ஏற்றவர்கள்.

கண்மாயின் நிலை

இவ்வளவு உதவிய மரம் பகையானது எங்ஙனம்? அதன் இயல்பே காரணம். இலையை ஆடுமாடுகள் விரும்புவதில்லை. இனிய காயையே தின்னும். உள்ளிருக்கும் வித்துச் செரிக்காது சாணத்தொடு விழுந்து அவ்வெருவிலேயே முளைக்கும். மேய்ச்சல் சென்ற இடமெல்லாம் மரமும் சென்றது. மாடு நீர் குடிக்க இறங்கும் கண்மாயின் உள்வாயில் ஈரமும் எருவும் ஒருங்கு கிடைத்தன, ஆங்கே அடர்ந்தது. தன் கீழ் வேறு செடிகளை எளிதில் வளர விடாது. வேரோ மிக ஆழமாகச் செல்லக்கூடியது. அரிசோனாவில் ஒரு சுரங்கம் தோண்டியபோது இவ்வினத்து வேர் 53 மீட்டர், அஃதாவது ஏறத்தாழ 175 அடி ஆழத்தில் உயிரோடு காணப்பட்டது. வெட்டிய அடிக்கட்டை பலவாகத் துளிர்க்கும். வரத்துக்கால், மடை, கலிங்கு எங்கும் முட்புதர் மூடினால் மழைநீர் கண்மாய்க்கு வரும் வழியும் இல்லை, வந்த நீர் வயலுக்குப் போகும் வழியும் இல்லை.

பாண்டியர் கல்வெட்டுக்களில் மதுரை, மாடக்குளக்கீழ் மதுரை என்று குறிக்கப்பெறுகின்றது. கோட்டையாலோ அரண்மனையாலோ அன்றி, ஒரு குளத்தின் கீழ் உள்ள ஊர் என்றே இத்தலைநகரைச் சுட்டினர். குளம் நிறைந்தால் நெல். நெல் விளைந்தால் கோயிலுக்கு அமுதுபடி. மடை என்னும் சொல்லுக்குச் சோறு என்றும், நீர் பாயும் வாய் என்றும் இருபொருள் இருத்தலை நோக்குக. வயலின் மடை அடைபட்டால் கோயிலின் மடையும் அடைபடும்.

2017ஆம் ஆண்டில் உயர்நீதிமன்றத்தின் மதுரைக் கிளை, தென்மாவட்டங்களில் சீமைக்கருவேலை அகற்றுமாறு ஆணையிட்டது. ஊர்தோறும் மக்கள் கூடி வெட்டினர். ஆய்ந்து அறியாமல் ஒருங்கே வெட்டுதல் தகாதென்ற வழக்கும் அவ்வாண்டிலேயே எழுந்தது. 2022ஆம் ஆண்டில் தமிழக அரசு, அயல் தாவரங்களை நீக்கி இயற்கையை மீட்பதற்கெனத் தனிக் கொள்கையே வகுத்தது. எனினும் வெட்டிய இடங்கள் பலவற்றில் அடுத்த மழைக்கே மீண்டும் தழைத்தது. காரணம் இரண்டு. அடிக்கட்டையை அகழ்ந்தெடுக்காமை ஒன்று. அகற்றிய இடத்தில் வேறு மரம் நடாமை மற்றொன்று. வெற்றிடம் விட்டால் முன்னர் இருந்ததே வந்து குடிகொள்ளும்.

செய்யத்தக்கவை

மூத்தாளை மனையினின்று நீக்க வேண்டா என்று இளையாள் வேண்டிய அருட்செயல் இவ்விடத்தில் வழிகாட்டும். சீமைக்கருவேலை ஒரே நாளில் வேரறுத்து, அதனால் உண்ணும் ஏழையை மறந்துவிடுதல் அறமன்று. ஏழையைக் காரணங்காட்டிக் கண்மாயை முள்ளுக்கு விட்டுவிடுதலும் அறமன்று. நீர்நிலையும் வரத்துக்காலும் முதலில் தூய்மையுறல் வேண்டும். அவ்வேலையையும் அவ்விறகையும் கரிமூட்டத்தாருக்கும் விறகு வெட்டுவோருக்குமே உரிமையாக்கினால், அகற்றும் பணியே சில ஆண்டுகளுக்கு அவர்க்குப் பிழைப்பாகும். பயிரேறாத தரிசில் எல்லை வகுத்து விறகுக்காகவே சிறிது காலம் வைத்துக்கொள்ளுதலும், கண்மாய் உள்வாயில் ஒரு கன்றும் முளைக்க விடாமையும் ஒருங்கே இயலக்கூடியனவே.

நீக்கிய இடத்தில் நடுதற்கு நம் நாட்டு மரங்கள் உள்ளன. கரையில் மருதும் புங்கும், மேட்டில் வேம்பும், கோயில் விளக்குக்கு எண்ணெய் தரும் இலுப்பையும் நடலாம். கோயில் நந்தவனத்தில், நிலம் ஏற்குமாயின், ஒரு வன்னியேனும் நடுதல் வேண்டும். முதிர்ந்த காயின் வித்தை வெந்நீரில் ஊறவைத்து விதைத்தால் முளைக்கும். முதல் ஆண்டுகளில் மேலே வளர்ச்சி தோன்றாது. வேர் கீழே சென்றுகொண்டிருக்கும். அக்காலத்தில் ஆடு தின்னாமல் வேலியிட்டுக் காத்தால் போதும். பின்னர் மரம் தன்னைத் தானே காத்துக்கொள்ளும்.

கோபுரத்துக்கும் கலசத்துக்கும் பொருள் உதவிய அன்பர்களின் தொண்டு அளவிடற்கரியது. அதனோடு கண்மாய்க்கு ஒரு நாள் உழைப்பும், நந்தவனத்துக்கு ஒரு மரமும் சேர்தல் வேண்டும். குடமுழுக்குப் பன்னீராண்டுக்கு ஒரு முறை நிகழ்வது மரபு. இன்று ஊன்றிய வன்னிக்கன்று அடுத்த குடமுழுக்கின்போது கிளை பரப்பி நிற்கும். அவ்வேள்விக்கு வேண்டிய சமித்தும், மகர்நோன்புக்கு வேண்டிய கிளையும் அதனிடமே பெறலாம். பிற ஊரினின்று விலைகொடுத்து வருவிக்க வேண்டுவதில்லை. பொற்றாமரைக் கரையில் நின்று முறையிட்ட அப்பெண்ணுக்காக வன்னியை வருவித்தருளிய சோமசுந்தரப் பெருமான், குளம் நிறையவும், மடை பொங்கவும், அடுப்பெரிய உழைப்போர் வாழ்வு சிறக்கவும் திருவருள் புரிவானாக.